அமெரிக்கா பார்த்த கால்

அமெரிக்க டெலிவிஷனில் நான் நடித்திருக்கிறேன். சிரிக்காதீர்கள், சத்தியம். பெங்களூரில் அந்தப் பெட்டியை யாரும் கண்ணால்கூடப் பார்த்திராத ஐம்பதுகளின் கடைசியில், தொம்மலூரிலிருந்து அமெரிக்க வீடுகளுக்குள் நுழைந்த ஒரே ஆள் நான்தான். (முழுசாக நுழைந்தேனா என்று கேட்காதீர்கள்.)

வேட்டைக்கதைத் தொடர் எடுக்க ஒரு குழு ஊருக்கு வெளியே முகாம் போட்டிருந்தது. எங்கள் தெருவில் பத்துப் பேரைக் கூட்டமாக நின்று அழக் கூப்பிட்டார்கள். மெட்ரிக் பாஸான எனக்கு மட்டும் இங்கிலீஷ் வசனம்! புலி அடித்துச் செத்ததாக நினைத்து என்னைப் பாடையில் கிடத்தியிருப்பார்கள். வெள்ளைக்கார வேட்டைக்காரர் நெற்றியைத் தொட்டதும் எழுந்து நின்று, "சார், தி டைகர் வென்ட் தட் வே!" என்று கை காட்ட வேண்டும். "எனக்கு டயலாக் இருக்கு" என்று தெரு முழுக்கத் தம்பட்டம் அடித்தேன். பிணம் எழுந்திருக்கும் என்பதை மட்டும் மூச்சு விடவில்லை. அதைப் பார்த்து எல்லோரும் நிஜமாகவே வாய் பிளக்க வேண்டுமாம், படம் எடுக்கும் துரைக்கு.

பாடை கட்ட வந்தவர் முனுசாமி அண்ணன். எங்கள் பக்கம் எந்த வீட்டில் சாவு விழுந்தாலும் முதல் ஆளாக நிற்பவர். வெள்ளைத்துணியைக் கிழித்து என் கால் கட்டைவிரல் இரண்டையும் சேர்த்து இறுக்கினார்.

"அண்ணே, இது சும்மா நடிப்புதானே?"

"சும்னிரு! பொணம் பேசக் கூடாது. பெங்களூர்க்காரனுக்குப் பாடை கட்டத் தெரியலன்னு அமெரிக்காக்காரன் சொல்லணுமா?"

நான் கண்ணை மூடி வசனத்தில் மூழ்கினேன். கேமரா ஓடத் தொடங்கும் நேரத்தில், "வாய் தொறந்துக்கினு கீதே" என்று தாடையையும் சேர்த்து உச்சந்தலையில் ஒரு முடிச்சு போட்டுவிட்டார், மகானுபாவர்.

நெற்றியில் கை பட்டது. விருட்டென்று உட்கார்ந்தேன். "ம்ம்! ம்ம்ம்ம்!"

"ஐயோ, எழுந்துக்கிச்சுடா!" என்று முதலில் ஓடியவர் முனுசாமி அண்ணன்தான். எத்தனையோ பேருக்குத் தாடை கட்டியவர், ஒருவர்கூட எழுந்ததில்லையே. நான் எழுந்து நின்றேன். விரல் கட்டு விடவில்லை. வேட்டைக்காரர் மேல் தடாலென்று விழ, அவருக்கு இடுப்பு பிடித்துக்கொண்டது. என் வசனத்தையே வெட்டிவிட்டார்கள்.

"டயலாக் எங்கடா?" என்று திரும்பி வரும் வழியெல்லாம் கேட்டார்கள். எனக்கு அழுகையே வந்துவிட்டது.

அடுத்த வருஷம் அமெரிக்காவில் படித்துக்கொண்டிருந்த அத்தை மகனிடமிருந்து கடிதம். கதையில் நான் நிஜமாகவே செத்துப்போய்விட்டேனாம். "திரை முழுக்க உன் கட்டின கால்தான். வளைந்த சுண்டுவிரலை வைத்துக் கண்டுபிடித்தேன். இவ்வளவு தத்ரூபமாகச் செத்தவன் யார் என்று அறையில் இருந்தவர்கள் கேட்டார்கள்!"

முனுசாமி அண்ணன் அதை நான்கு முறை படிக்கச் சொன்னார். "முடிச்சு தெரிஞ்சுதாமா?" என்று கேட்டு, தெரிந்ததாம் என்றதும் துண்டால் கண்ணைத் துடைத்துக்கொண்டார்.

இன்றும் கல்யாண வீடுகளில் பெண்ணும் மாப்பிள்ளையும் என் காலில் விழுந்தால், என் மனைவி சும்மா விடமாட்டாள். "நல்லாப் பாத்துக்கோங்க, அமெரிக்காவுல நடிச்ச காலு!"

நானும் வெட்கமில்லாமல், சுண்டுவிரல் தெரியட்டும் என்று வேட்டியைக் கொஞ்சம் தூக்கிக்கொள்கிறேன்.