கடன் தீர்ந்த விருந்து

கணக்குத் தெரிந்தவனை ஏமாற்ற இன்னொருவன் தேவையில்லை, அவனே போதும். இது நான் எங்கேயும் கேட்டுச் சொல்வதல்ல. பசறைப் பாதையில் ஒரு தேயிலைத் தோட்டத்தில் தலைமைக் கிளாக்கராக இருந்து, முந்நூறு பேரின் சம்பளத்தைக் காசு பிசகாமல் பார்த்தவன் நான். அப்படிப்பட்ட நான், வீட்டுக் கடன் தீர்ந்துவிட்டது என்று வாழைமரம் கட்டி, மேளம் வைத்து, ஊரைக் கூட்டி விருந்து போட்டேன். கடன் தீரவில்லை. தீராதது மட்டுமா, ஒரு சல்லிகூடக் குறைந்திருக்கவில்லை. (சிரிக்கிறவர்கள் இப்போதே சிரித்துவிடுங்கள். என் வீட்டில் இன்னும் சிரித்து முடியவில்லை.)

வீடு வேண்டும் என்று ஒற்றைக்காலில் நின்றவள் என் மனைவி காமாட்சி. அதற்குக் காரணம் உண்டு. அவளுடைய அப்பா ஹாலி எல பக்கத்தில் ஒரு தோட்டத்தில், தேயிலைத் தொழிற்சாலையைப் பார்க்கும் டீமேக்கராக இருந்தவர். ஒருநாள் துரையின் நாய் அவர் வேட்டியைக் கவ்வ, மனுஷர் ஒரு கல்லை எடுத்து வீசிவிட்டார். வாழ்க்கையில் அவர் குறிதவறாமல் எறிந்த ஒரே கல் அதுதான். வேலை அன்றே போயிற்று. தோட்டத்து வீடு வேலையோடு ஒட்டிக்கொண்டு வருவது. வேலை போனால் அதுவும் போகும். பொழுது சாய்வதற்குள் சட்டிபானையெல்லாம் ரோட்டோரம் வந்துவிட்டன. மழை வேறு. சிறுமியான காமாட்சி பித்தளைத் தவலையைத் தலையில் கவிழ்த்துக்கொண்டு நின்றாளாம்.

"துரை கோவிச்சுக்கிட்டாலும் நம்மள எறக்கிவிட முடியாத ஒரு வீடு வேணும்ங்க" என்பாள். கல்யாணம் ஆன நாளிலிருந்து அவள் என்னிடம் கேட்டது அது ஒன்றைத்தான்.

ரயில் பண்டாரவளையோடு நின்ற காலம் அது. பதுளைப் பட்டணத்தில், முருகன் கோயிலுக்குப் பின்தெருவில் ஒரு வீடு விலைக்கு வந்தது. ஓட்டுக்கூரை, மூன்று அறை, பின்னால் ஒரு பலாமரம். விலை ஆயிரத்து ஐந்நூறு ரூபாய். என் சேமிப்பு முந்நூறு இருந்தது. காமாட்சி தன் அட்டிகையைக் கழற்றிக் கொடுத்தாள். அதை விற்றதில் இருநூறு வந்தது. மிச்சம் ஆயிரத்தை, அந்த வீட்டையே ஈடாக வைத்துக்கொண்டு கடன் கொடுக்க முன்வந்தவர் முத்துக்கருப்பன் கங்காணியார். தோட்டத்தில் பெரிய கங்காணியாக இருந்து நாலு காசு சேர்த்து, பட்டணத்தில் குடியேறி, வட்டிக்கு விட்டுக்கொண்டிருந்தவர். தங்கமான மனிதர். குரலை உயர்த்த மாட்டார். பொய் சொல்ல மாட்டார். (கேட்காததைச் சொல்லவும் மாட்டார். அதுதான் வினையாயிற்று.)

நொத்தாரிசு ஈட்டுப் பத்திரத்தை இங்கிலீஷில் எழுதி, இங்கிலீஷிலேயே கடகடவென்று வாசித்தார். எனக்குத் தோட்டத்து இங்கிலீஷ் நன்றாக வரும்: கொழுந்து, மழை, சம்பளம், 'யெஸ் சார்'. பத்திரத்தில் இருந்த இங்கிலீஷ் வேறு ஜாதி. ஒரு வாக்கியம் தொடங்கினால் அடுத்த பக்கத்தில்தான் மூச்சு விட்டது. எனக்கு ஒரு மண்ணும் விளங்கவில்லை. விளங்கவில்லை என்று ஒரு கிளாக்கர் காட்டிக்கொள்ளலாமா? அங்கங்கே தலையாட்டினேன். ஓரிடத்தில் 'குவைட் ரைட்' என்றும் சொல்லிவைத்தேன். அது வட்டி எழுதியிருந்த இடமாகத்தான் இருக்க வேண்டும்.

தமிழில் விளக்கவா என்று நொத்தாரிசு கேட்டார். வாசலில் மரவாங்கில் உட்கார்ந்திருந்த காமாட்சி எட்டிப் பார்த்து, "ஒருக்கா தமிழ்ல சொல்லச் சொல்லுங்களேன்" என்றாள்.

"நான் இருக்கேன்ல?" என்றேன். சொல்லிவிட்டுக் கையெழுத்துப் போட்டேன். கையெழுத்து மட்டும் அன்றைக்கு முத்து முத்தாக விழுந்தது.

வெளியே வந்ததும் கங்காணியார், மாசம் பதினைந்து ரூபாய் கொடுத்துக்கொண்டு வந்தால் போதும் என்றார். இங்கேதான் என் தோட்டத்து மூளை வேலை செய்தது. தோட்டத்தில் கடன் என்றால் என்ன? ஆட்களுக்கு அரிசியும் கம்பளியும் முதலில் கொடுத்துவிடுவோம். சம்பள நாளில் கொஞ்சம் கொஞ்சமாகப் பிடிப்போம். பிடிக்கப் பிடிக்கக் கடன் தேயும். எத்தனையோ பேர் கடனை நானே என் கையால் தேய்த்திருக்கிறேன். கொடுத்தால் குறையும் என்பதில் எனக்குச் சந்தேகமே வந்ததில்லை.

வட்டியை மறந்துவிட்டேன் என்று நினைக்காதீர்கள். நல்ல மனிதர், கஷ்டத்துக்கு உதவியவர், அவருக்கு இருநூறு ரூபாய் வட்டி கொடுக்கலாம் என்று நானே தாராளமாகத் தீர்மானித்தேன். (கடன் வாங்கினவனே வட்டியை நிர்ணயித்த அதிசயம் ஊவா மாகாணத்தில் அது ஒன்றாகத்தான் இருக்கும்.) ஆக ஆயிரத்து இருநூறு. மாசம் பதினைந்து என்றால் ஆறு வருஷம் எட்டு மாதத்தில் வீடு நம்முடையது என்று காமாட்சியிடம் சொன்னேன்.

"கங்காணியாரு அப்படிச் சொன்னாரா?" என்றாள்.

"கணக்கு சொல்லுது" என்றேன். கணக்கின் பேரைச் சொன்னால் அவள் அதற்குமேல் பேசமாட்டாள். அந்த வீட்டில் அவளும் பிள்ளைகளும் என் மாமனாரும் குடியேறினார்கள். நான் தோட்டத்தில் தங்கி, சனிக்கிழமை சாயங்காலம் நடந்து வருவேன்.

மாதா மாதம் சம்பளத்துக்கு அடுத்த ஞாயிறு கங்காணியார் வீட்டுக்குப் போவேன். கோப்பி வரும். பணத்தை இரண்டு கையாலும் வாங்கிக் கண்ணில் ஒற்றிக்கொள்வார். மழையைப் பற்றிப் பேசுவோம், அவருடைய மூட்டுவலியைப் பற்றிப் பேசுவோம், கடனைப் பற்றி மட்டும் பேசமாட்டோம். கொடுத்தவரிடம் மிச்சம் எவ்வளவு என்று கேட்பது மரியாதையில்லை என்று நான் இருந்தேன். ஒழுங்காக வட்டி கட்டுகிறவரிடம் முதலைக் கேட்பது மரியாதையில்லை என்று அவர் இருந்திருக்கிறார். இரண்டு மரியாதைக்காரர்களுக்கு நடுவில் வீடு மாட்டிக்கொண்டது.

கடைசித் தவணை என்று நான் நம்பிய பணத்தைக் கொடுத்தபோது, நெஞ்சு நிமிர்ந்து அழைப்பும் கொடுத்தேன். வருகிற ஞாயிறு வீட்டில் ஒரு சின்ன விருந்து, அன்றோடு எல்லாவற்றையும் முடித்துக்கொள்ளலாம், பத்திரத்தையும் எடுத்துக்கொண்டு வாருங்கள் என்றேன். கங்காணியாருக்குக் கண் கலங்கிவிட்டது.

"இம்புட்டுச் சீக்கிரமாவா ஐயா?" என்றார். பாராட்டுகிறார் என்று நினைத்தேன்.

விருந்து தடபுடல். பக்கத்துத் தோட்டத்துக் கிளாக்கர்மார், டீமேக்கர்மார், கோயில் ஆட்கள் என்று வீடு கொள்ளவில்லை. வீட்டு விசேஷம் என்றால் நம் ஆட்கள் வெறுங்கையோடு வருவார்களா? மொய் எழுத வாசலில் பக்கத்துக் கடைக்காரர் காதர் நானாவை உட்கார வைத்தேன். தாம்பாளத்தில் காசு விழுந்துகொண்டே இருந்தது. மேளக்காரரிடம், கங்காணியார் பத்திரத்தை வெளியே எடுத்ததும் கெட்டிமேளம் கொட்ட வேண்டும் என்று சொல்லிவைத்திருந்தேன். ஏற்பாட்டில் நான் ஒரு குறையும் வைக்கவில்லை.

கங்காணியார் மாட்டுவண்டியில் வந்து இறங்கினார். மொய்யாகப் பத்து ரூபாய் எழுதினார். பின்னால் அவருடைய ஆள் ஒரு தகரப் பெட்டியைத் தூக்கிக்கொண்டு வந்தான். எனக்குப் புல்லரித்துவிட்டது. நாணயமாகக் கடன் கட்டியவனுக்குச் சீர் கொண்டுவருகிறார்!

"வெள்ளிக் குத்துவெளக்கா இருக்கும்" என்று காமாட்சியின் காதில் சொன்னேன்.

"ஒத்தக் கையால ஆட்டிக்கிட்டு வர்றான். வெளக்கு இருந்தா அப்படி ஆட்டுவானா?" என்றாள்.

நான் பிரசங்கம் செய்தேன். கடன் இல்லாதவன் தலைநிமிர்ந்து நடப்பான் என்றேன். கணக்கறிந்து வாழ வேண்டும் என்றேன். (இதை நினைத்தால் இன்றைக்கும் எனக்குக் காது சுடுகிறது.) கங்காணியாருக்கு மாலை போட்டேன். அவர் கும்பிட்டுவிட்டு, பெட்டியை எனக்கு முன்னால் வைக்கச் சொன்னார். நானும் கும்பிட்டேன். பிறகு இருவரும் பெட்டியைப் பார்த்துக்கொண்டு நின்றோம்.

அவர் திறப்பார் என்று நான் பார்க்கிறேன். நான் திறப்பேன் என்று அவர் பார்க்கிறார். சபையும் பார்க்கிறது. கடைசியில் நான் பெருந்தன்மையோடு, "இதெல்லாம் எதுக்குங்க கங்காணியாரே" என்று சொல்லிக்கொண்டே மூடியைத் தூக்கினேன். உள்ளே ஒன்றுமில்லை. அடியில் ஒரு பழைய துணி விரித்திருந்தது, அவ்வளவுதான்.

"காசு எங்கங்க ஐயா?" என்றார் அவர் மெதுவாக.

"எந்தக் காசு?"

"முதலுங்க. ஆயிரம் ரூவா. முடிச்சுக்கலாம்னு சொன்னீங்களே."

"அதைத்தானே மாசா மாசம் கட்டினேன்?"

"அது வட்டிங்க ஐயா" என்றார், நோயாளியிடம் பேசுவது போல. "முதல் அப்படியே இருக்கு."

தோட்டத்தில் கட்டினால் குறையுமே என்று நான் வாதாடினேன். கங்காணியாருக்கு என்மேல் நிஜமாகவே இரக்கம் வந்துவிட்டது. எழுதியிருப்பதைக் காட்டலாம் என்று, கக்கத்தில் வைத்திருந்த பட்டுத்துணியை அவிழ்த்துப் பத்திரத்தை வெளியே எடுத்தார். எடுத்ததுதான் தாமதம், மேளக்காரர் கெட்டிமேளம் கொட்டிவிட்டார். நூற்றுக்கு மாசம் ஒன்றரை ரூபாய், ஆயிரத்துக்குப் பதினைந்து என்பதை நான் தெரிந்துகொண்டது அந்தச் சத்தத்துக்கு நடுவில்தான். யாரோ பழக்கதோஷத்தில் அட்சதைகூடப் போட்டார்கள். நிறுத்து நிறுத்து என்று நான் கையை ஆட்ட, இன்னும் ஓங்கிக் கொட்டச் சொல்கிறேன் என்று அவர் பிய்த்து உதறினார்.

ஒருவழியாக மேளம் ஓய்ந்தபோது முற்றத்தில் ஏதோ உருளும் சத்தம் கேட்டது. மாமனார். முதல், கடன், வீடு என்று நாலு வார்த்தை காதில் விழுந்ததும், யாரிடமும் ஒன்றும் கேட்காமல் உள்ளே போய்ப் பித்தளைத் தவலையைத் தூக்கி வந்து வெளியே வைத்துக்கொண்டிருந்தார். பழகின கை. அடுத்து அண்டாவை எடுக்கப் போனார். அதுவரை என் மானம் போவதாக நினைத்துக்கொண்டிருந்த எனக்கு, போவது எது என்று அப்போதுதான் உறைத்தது. அட்டிகை இல்லாத காமாட்சியின் கழுத்தைப் பார்க்க எனக்குத் தைரியம் இல்லை.

காமாட்சி பாயசக் கரண்டியோடு வந்தாள். என்னைத் தாண்டிப் போனாள். கங்காணியாரை உட்காரச் சொல்லிப் பாயசம் ஊற்றினாள்.

"முதலுக்குன்னு கொஞ்சங் கொஞ்சமாக் கட்டுனா, வட்டியும் கொறையுமாங்க ஐயா?" என்று கேட்டாள்.

"நூறு நூறாக் கட்டுனா கொறையும் தாயி. அதுக்கென்ன, தாராளமாக் கட்டலாம்."

நொத்தாரிசு முன்னால் நான் கேட்டிருக்க வேண்டிய கேள்வி. கேட்க அவளுக்கு ஒரு மூச்சுகூட முழுதாகச் செலவாகவில்லை. காதர் நானாவிடம் மொய் எவ்வளவு என்றாள். தொண்ணூற்று மூன்று என்றார் அவர். அவள் யோசிப்பதைப் பார்த்துவிட்டு, தன் இடுப்பு வாரிலிருந்து ஏழு ரூபாயை எடுத்துத் தாம்பாளத்தில் போட்டார். காமாட்சி தாம்பாளத்தைத் தூக்கி அப்படியே தகரப் பெட்டிக்குள் கவிழ்த்தாள். கங்காணியார் எழுதிய பத்து ரூபாயும் அதோடு போய் அவர் பெட்டியிலேயே விழுந்தது.

"வந்துருச்சு தாயி. முதல்ல நூறு கழிஞ்சுது" என்றார். பாவம், தன் பத்தையும் சேர்த்துத்தான் கழித்தார். (மொய்யும் ஒரு கடன்தான் என்பதை யாரும் எனக்குச் சொல்ல வேண்டியதில்லை. அடுத்த பத்து வருஷத்துக்கு யார் வீட்டுக் கல்யாணமானாலும், காதுகுத்தானாலும், திருப்பிச் செய்யப் போய்க்கொண்டே இருந்தோம்.)

அன்றிலிருந்து பணம் காமாட்சி கைக்குப் போயிற்று. இரண்டு பசு வாங்கிப் பட்டணத்தில் பால் ஊற்றினாள். முன்னறையைக் காதர் நானா சரக்கு வைக்க வாடகைக்கு விட்டாள். என் சுருட்டு நின்றது. கோப்பியில் சீனி நின்றது. நூறு சேரும்போதெல்லாம் தகரப் பெட்டி வரும், ஒன்றரை ரூபாய் குறையும். மொத்தமும் தீர இன்னும் ஒன்பது வருஷம் ஆயிற்று. நான் வாங்கிய ஆயிரத்துக்குக் கட்டியது மூவாயிரத்தைத் தொட்டது. உழுதவன் கணக்குப் பார்த்தால் உழக்கும் மிஞ்சாது என்பார்கள். நான் கணக்குப் பார்த்தும் மிஞ்சவில்லை.

பத்திரம் கைக்கு வந்த அன்று விருந்து கிருந்து ஒன்றும் இல்லை. காமாட்சி என்னை எதிரில் உட்கார வைத்து, "இப்பத் தமிழ்ல சொல்லுங்க" என்றாள். வரிக்கு வரி சொன்னேன். விளங்காத இடத்தில் விளங்கவில்லை என்றும் சொன்னேன்.

பிள்ளைகளுக்கு மட்டும் கொண்டாட்டம். என் வழுக்கைக்கு நான் எண்ணெய் தேய்த்தால், "எத்தனை தேய்ச்சாலும் முதல் அப்படியே இருக்குப்பா" என்பான் மூத்தவன். தொந்தியைக் குறைக்க நடந்துவிட்டு வந்தால் சின்னவள் அதையே சொல்வாள். கல்யாணமாகி வந்த மருமகளுக்கு முதல் வாரமே சொல்லிக்கொடுத்துவிட்டார்கள்.

இந்தக் கூத்தில் எனக்கு ஒரு பழக்கம் ஒட்டிக்கொண்டது: விளங்காததற்குத் தலையாட்டுவதில்லை, கேட்டுவிடுவது. அதே பழக்கத்தில் புதிதாக வந்த துரையிடம் ஒருநாள், அவருடைய குதிரைக்குப் புல் வெட்டுகிற ஆளின் சம்பளத்தைத் தோட்டத்துச் செலவில் எழுதுவது எந்த முறையில் என்று கேட்டேன். துரைக்குக் கேள்வி பிடிக்கவில்லை. அன்று பகல் சாப்பாட்டுக்கு முன்னாலேயே எனக்கு வேலை இல்லாமல் போயிற்று.

பாயைச் சுருட்டிக் குடையில் மாட்டிக்கொண்டு, மழையில் நனைந்து, பதுளைக்கு நடந்து வந்தேன். அன்று சனிக்கிழமை இல்லை. கதவைத் திறந்த காமாட்சி பாயைப் பார்த்தாள், என் முகத்தைப் பார்த்தாள். என்ன நடந்தது என்று அவளுக்குச் சொல்ல வேண்டியிருக்கவில்லை. என்றாலும் சொன்னேன்.

"வேலை போச்சு காமாட்சி."

அவள் என் கையிலிருந்து குடையை வாங்கிக்கொண்டாள்.

"போனாப் போகுது. முதல் அப்படியே இருக்குங்க. உள்ள வாங்க" என்றாள்.

எனக்கு அழுகை வந்துவிட்டது. உள்ளே மாமனார் தள்ளாடி எழுந்து போய், அந்தப் பித்தளைத் தவலையில் தண்ணீர் ஊற்றி, எனக்குக் குளிக்க வெந்நீர் வைத்தார்.