ஆறடி உத்தரவும் என் மூன்றடி பேரமும்

மதிப்பிற்குரிய மச்சான் கோதண்டராமன் அவர்களுக்கு, மர்பி டவுனிலிருந்து அப்பாதுரை வணக்கத்துடன் எழுதுவது. உங்கள் தங்கை பாஞ்சாலியும் பிள்ளைகளும் நலம். நான் திங்கட்கிழமை காலை பதினோரு மணி வரை நலம். அதற்குப் பிறகு நான் எங்கே இருப்பேன் என்பது நீதிபதி கையில். உள்ளே வைத்துவிட்டால் நீங்கள்தான் ஆம்பூரிலிருந்து வந்து கடையைப் பார்த்துக்கொள்ள வேண்டும். போனில் சொன்னால் சிரிப்பீர்கள். அதனால் எழுதி, படம் எடுத்து அனுப்புகிறேன்.

நம் பிளாஸ்டிக் சாமான் கடைக்கு முன்னால், பொதுச் சந்துக்குள் ஆறடிக்குத் தகரக் கொட்டகை இழுத்திருந்தேன் இல்லையா, அதுக்குப் பக்கத்து வீட்டு குளோரியா டீச்சர் கேஸ் போட்டார், ஜெயித்தார், முப்பது நாளில் ஆறடியையும் அகற்று என்று உத்தரவு வந்தது. இருபத்திரண்டு வருஷம் வாளியும் குடமும் விற்றவன் நான். யார் ஆறு என்றாலும் அது முதல் விலை என்றுதான் என் புத்திக்குப் படும். அதனால் இரண்டடியை மட்டும் வெட்டி எடுத்துவிட்டு, டீச்சர் நாலு என்று இறங்குவார், மூன்றில் முடிக்கலாம் என்று கல்லாவில் உட்கார்ந்து காத்திருந்தேன். டீச்சர் இறங்கவில்லை. நீதிமன்ற அவமதிப்பு நோட்டீஸ்தான் வந்தது.

வக்கீல் லீனா மேடம், "அங்கிள், அது ஆர்டர், கொட்டேஷன் இல்ல. மன்னிப்பு மட்டும் கேளுங்க, வேற ஒரு வார்த்தை பேசாதீங்க" என்றார். பேசக்கூடாது என்றுதான் போனேன். நீதிபதி கன்னடத்தில், "யாக்ரீ தெகெதில்லா?", ஏன் எடுக்கவில்லை என்று கேட்டார். இரண்டடி எடுத்ததைச் சொன்னேன். மீதி நாலடி என்னாச்சு என்றார். அவர் வாயில் நாலு வந்ததும் என் வாய் என்னைக் கேட்கவில்லை மச்சான். "ஸ்வாமி, நிமகூ பேடா, நனகூ பேடா, மூரக்கே முகிஸோணா" என்றுவிட்டேன். உங்களுக்கும் வேண்டாம், எனக்கும் வேண்டாம், மூன்றில் முடிப்போம் என்று, ஜட்ஜிடம்! லீனா மேடம் ஃபைலால் முகத்தை மூடிக்கொண்டார். திங்கட்கிழமைக்குள் ஆறடியும் போகணும், எழுத்தில் மன்னிப்பும் வரணும், இல்லாவிட்டால் ஜெயில் என்று நீதிபதி சொல்லிவிட்டார்.

பாஞ்சாலி கேட்கிறாள்: "ரெண்டு மாசம் போட்டா, ஒரு மாசமாக்கிக் குடுங்கன்னு கேப்பீங்களோ?" கேட்டிருப்பேன், பொய் சொல்வானேன்.

புத்தி வந்துவிட்டது. நாளைக் காலை வெல்டர் வருகிறான். இனி கோர்ட் சொன்னதில் அரை அங்குலம் குறைக்க மாட்டேன். அக்காவுக்கு வணக்கம், பிள்ளைகளுக்கு என் ஆசி; நான் வெளியில் இருந்து சொல்கிற ஆசி, பத்திரமாக வைத்துக்கொள்ளச் சொல்லுங்கள்.

இப்படிக்கு,
உங்கள் மாப்பிள்ளை
அப்பாதுரை

பி.கு.: இதை அனுப்புவதற்குள் விடிந்து, வெல்டரும் வந்து ஏணி போட்டான். குளோரியா டீச்சர் ஓடி வந்தார். "அப்பாதுரை, ஃபுல்லா எடுக்காதப்பா, மழ வந்தா என் ஸ்கூட்டர் நனையும். ஒரு அடி விட்டு வை." உடனே லீனா மேடத்துக்குப் போன் போட்டிருக்க வேண்டும். நான் "ரெண்டு" என்றேன். ஒன்றரையில் முடிந்தது. மச்சான், ஞாயிற்றுக்கிழமை சாயங்காலமே புறப்பட்டு வந்துவிடுங்கள்.