வெள்ளி நாற்காலிச் சாமி

எழுபத்தெட்டாம் வருஷத்துக் கோடை. மேலூர் சாலையோர வேப்ப மரத்தில் வெள்ளி நாற்காலிகள் காய்த்துத் தொங்கின. ஒவ்வொன்றும் கட்டைவிரல் உயரம். பிள்ளை வரம் கேட்டுத் தொட்டில் கட்டுவதில்லையா, அதுபோல இங்கே இடமாறுதல் கேட்டு நாற்காலி. மரத்தடியில் ஆத்தா பேரில் வாக்குச் சொல்லும் பேயாண்டிச் சாமி. "டிரான்ஸ்பர் சாமி" என்றால் போதும், கண்டக்டரே பஸ்ஸை நிறுத்தி இறக்கிவிடுவார்.

தாசில்தார் முதல் அம்மை குத்துகிறவர் வரை வரிசையில் நின்றார்கள். ஆபீசில் ஆளில்லை என்று தேடிவந்த ஜனங்கள், அந்த வரிசையிலேயே கையெழுத்து வாங்கிப் போனார்கள். இதில் ஒரு சொட்டுப் பொய்கூடக் கலக்கவில்லை.

வீரணனும் மனைவியோடு நின்றான். மதுரையில் குமாஸ்தா. மனைவி தங்கப்பொண்ணு ராமநாதபுரம் கடற்கரையோரம் ஓர் ஊரில் டீச்சர். மாதம் ஒருமுறை வருவாள். போனமுறை வந்தபோது, பெற்ற பிள்ளையே அவளை "வாங்க டீச்சர்" என்று வரவேற்றது. மறுநாளே வீரணன் பிள்ளையின் வெள்ளி அரைஞாணைக் கழற்றி, உருக்கி, நாற்காலியாக்கிவிட்டான்.

சாமி அதை வாங்கி முகர்ந்தார். "மதுரைப் பள்ளிக்கூடத்துல காலியா இருக்கிற சீட்டு ஒன் பொஞ்சாதிக்குத்தான். ஆத்தா எழுதிட்டா. நடக்கலையா, இந்த நாற்காலியத் திரும்ப வாங்கிக்க."

"பாத்தியா, எம்புட்டு நேர்மை!" என்று திரும்பினான் வீரணன். பக்கத்தில் மனைவி இல்லை. வரிசையிலிருந்து இரண்டு பெண்களை அழைத்துக்கொண்டு வந்தாள்.

"ஏங்க, இது செல்லக்கிளி, இது விஜயம். எங்க பக்கத்து டீச்சர்மாருக. இவுகளும் நாற்காலி கட்டிட்டாக."

"எந்த ஊருக்கு?"

"அதே மதுரை. அதே பள்ளிக்கூடம். அதே சீட்டு. ஆத்தா மூணு பேருக்கும் எழுதிட்டாளாம்."

"ஒருத்தர் மடியில ஒருத்தரா உக்காருவீக?" என்றது வரிசையிலிருந்து ஒரு குரல்.

தங்கப்பொண்ணு சிரிக்கவில்லை. சாமி முன்னால் போய் நின்றாள். "சாமி, இருக்கிறது ஒரே எடம். கெடைக்காத ரெண்டு பேரு நாற்காலியத் திருப்பித்தான் தரப்போறீக. யாருன்னு ஆத்தாவுக்குத் தெரியும்ல? அந்த ரெண்டையும் இப்பவே அவுத்துக் குடுத்துருங்க."

சாமி மரத்தைப் பார்த்தார். மரம் அவரைப் பார்த்தது. இரண்டுக்கும் ஒன்றும் தெரியவில்லை.

"ஆர்டர் வந்த பெறகு வாங்கத்தா."

"ஆர்டர் வந்தாத் தபால்காரரே சொல்லிருவாரே. நீங்க எதுக்கு?"

வரிசை மெல்ல விழித்தது. மாறுதல் கிடைத்தவன் நாற்காலி சாமிக்கு. கிடைக்காதவன், திருப்பித் தந்த சாமியின் நேர்மையை ஊரெல்லாம் பரப்புவான். எந்தப் பக்கம் விழுந்தாலும் நஷ்டமில்லாத தெய்வம்!

அம்மை குத்துகிற சுடலை கத்தினார்: "அண்ணே, என் நாற்காலியக் குடு! டிரான்ஸ்பர் கெடைக்காமப் போறதுக்கு நான் வீட்லயே இருந்துக்கிறேன்!"

அரசாங்கமே மரம் ஏறியது. அந்த அமளியில் பேயாண்டி, யார் சிபாரிசும் இல்லாமல், தனக்குத் தானே மாறுதல் போட்டுக்கொண்டு மறைந்தார்.

"அப்ப சீட்டு?" என்றான் வீரணன்.

"செல்லக்கிளி எனக்கு முந்தியே கடக்கரைப் பக்கம் வேலைக்குப் போனவ. மொதல்ல அவளுக்குத்தான். அடுத்தது யாருன்னு மூணு பேரும் சேந்து போயிக் கேக்கப்போறோம்."

"நம்ம புள்ள?"

"செல்லக்கிளி மகனும் புள்ளதாங்க. அவுக அம்மாவ அவனும் அத்தைங்கிறான்."

மறுநாள் மூவரும் கல்வி ஆபீசுக்குப் போனார்கள். கூட்டமே இல்லை. "இடம் யாருக்கு, எந்த முறைப்படி?" என்று கேட்டதும் அதிகாரி எழுந்தே நின்றுவிட்டார். அவரிடம் அதுவரை யாரும் அப்படிக் கேட்டதில்லையாம். எப்படிக் கேட்பார்கள்? கேட்கவேண்டியவர்கள் எல்லாரும் மேலூர் சாலையில் அல்லவா நின்றார்கள்!

பதில் சொல்லச் சம்பளம் வாங்குகிறவரை விட்டுவிட்டு வேப்ப மரத்தைக் கேட்கிற மகாஜனங்களே, மரமாவது நிழல் கொடுத்தது. உங்கள் கழுத்துக்குமேல் இருப்பது என்ன கொடுத்தது?