பார்க்கிங் லாட்டில் இருந்த ஹாலிவுட்

ஹாலிவுட் கலிஃபோர்னியாவில் இருப்பதாகச் சொல்கிறார்கள். அங்கே இருப்பது வெறும் போர்டு. அசல் ஹாலிவுட் டெக்சாஸில், ரிச்சர்ட்சன் ஊரில், எங்கள் ஆபீஸ் பார்க்கிங் லாட்டின் மூன்றாவது வரிசையில், ஒரு சாம்பல் நிறக் காருக்குள் உட்கார்ந்து தயிர்சாதம் சாப்பிட்டுக்கொண்டிருந்தார்.

ஆபீஸில் அவர் சாஃப்ட்வேர் டெஸ்டர். அதற்கு வெளியே திரைக்கதாசிரியர். பதினான்கு வருஷத்தில் ஒன்பது திரைக்கதைகள் எழுதியிருந்தார். ஒன்றுகூடப் படமாகவில்லை என்பதை அவர் ஒரு குறையாகவே எடுத்துக்கொள்ளவில்லை. எங்கள் எல்லோருக்கும் அவர் ‘ஹாலிவுட்’தான்.

சினிமா இல்லாத இடத்திலும் அவருக்குத் திரைக்கதைதான் தெரியும். தமிழ்ச் சங்கப் பொங்கல் விழாவில் வரவேற்புரை முடித்து இறங்கிய செயலாளரைப் பிடித்து, “சார், உங்க ஸ்பீச்ல வில்லனே இல்லியே?” என்றார். ஆபீஸில் வருடாந்தர மதிப்பீட்டுக்கு நான் எழுதிய நான்கு பக்கங்களை வாங்கிப் படித்துவிட்டு முகத்தைச் சுளித்தார். எதையும் நோட்டில் குறித்துவைக்கும் பழக்கத்தால் அவருக்கு நான் ‘டைரி’.

“என்னய்யா டைரி, உன் கதையில நீயே சைடு கேரக்டரா நிக்கறே?”

ஒரு பொய்கூடச் சேர்க்காமல் வரிசையை மட்டும் மாற்றிக் கொடுத்தார். மேனேஜர் நம்மூர்க்காரர். “இவ்ளோவும் நீங்களா பண்ணீங்க? எனக்கே தெரியாதே!” என்றார். அந்த வருஷம் எனக்குப் பதவி உயர்வு.

லாஸ் ஏஞ்சலஸில் காலை பத்து மணி என்றால் எங்களுக்குப் பன்னிரண்டு. அதனால் அவருடைய சினிமா வாழ்க்கை முழுவதும் லஞ்ச் நேரத்தில்தான் நடந்தது. டப்பாவை டாஷ்போர்டில் வைத்துவிட்டு வீடியோ காலில் தயாரிப்பாளர்களுக்குக் கதை சொல்வார். இரைச்சல் கேட்கக் கூடாது என்று ஏசியை அணைத்துவிடுவார். ஆகஸ்ட் மாத டெக்சாஸ் வெயிலில் அது ஏறக்குறைய தற்கொலை முயற்சி. ஒருநாள் அப்பாவும் மகனும் பிரியும் கட்டத்தைச் சொல்லும்போது அவர் முகமெல்லாம் வியர்வை வழிந்தது. எதிர்முனைத் தயாரிப்பாளர் அதைக் கண்ணீர் என்று நினைத்துத் தானும் அழுதுவிட்டார். வேலை கிடைத்துவிட்டது!

ஏற்கெனவே ஐந்து பேர் எழுதி முடித்த ஓர் ஆஸ்பத்திரிப் படம். அதில் வரும் இந்திய டாக்டருக்கு வசனம் எழுத வேண்டும். இவர் பன்னிரண்டு பக்கம் எழுதினார். வெட்டி வெட்டிக் கடைசியில் ஒரே ஒரு வசனம் மிஞ்சியது. டைட்டிலில் பெயர் கிடையாது. எடிட்டிங்கில் அந்த வசனமாவது தப்புமா என்றும் தெரியாது.

அவர் மனைவி மீனா என் எதிரிலேயே தீர்ப்புச் சொன்னாள்: “பதினாலு வருஷமா எனக்கு வீக்கெண்டே கிடையாது. அந்த ஒரு லைன் படத்துல இருந்தா எழுதுங்க. இல்லேன்னா லேப்டாப்ப மூடிடணும். ப்ராமிஸ் பண்ணுங்க.”

ப்ராமிஸ் பண்ணினார்.

படம் வெளியான சனிக்கிழமை, மதியம் ஒன்று பத்துக் காட்சிக்கு ஊர்த் தமிழர்கள் நாற்பத்து மூன்று பேர் போனோம். கிழித்த காகிதங்களை வாசலிலேயே நான் பறிமுதல் செய்தேன். விசிலைப் பறிமுதல் செய்ய வழியில்லை. படத்தில் கணவனை இழந்த ஒரு பெண் ஆஸ்பத்திரி வராந்தாவில் நின்று அழுகிறாள். கதவைத் திறந்துகொண்டு நம் டாக்டர் வந்தார்.

“தலைவா!”

தியேட்டர் அதிர்ந்தது. விசில், கைதட்டல், ஓர் ஆன்ட்டியின் குலவை. முன்வரிசையில் இருந்த வயதான அமெரிக்கத் தம்பதி திகிலோடு திரும்பிப் பார்த்தார்கள். “டாட், ஷீ ஜஸ்ட் லாஸ்ட் ஹர் ஹஸ்பண்ட்!” என்று ஒரு பெண் குழந்தை தன் அப்பாவின் சட்டையைப் பிடித்து இழுத்தது. சத்தம் அடங்கியபோது காட்சி மாறிவிட்டிருந்தது.

“சொன்னானா?”

“வாய் அசைஞ்சுதே!”

“அது வேற ஏதாவதா இருக்கும் அங்கிள்.”

தியேட்டர் மேனேஜர் டார்ச்சோடு வந்து எச்சரித்துவிட்டுப் போனார். ஹாலிவுட் முகத்தைப் பொத்திக்கொண்டிருந்தார். அவருக்கும் கேட்கவில்லை.

“இப்ப நான் என்னன்னு எடுத்துக்கறது, அண்ணா?” என்றாள் மீனா என்னிடம்.

நான் நாலு இருபது காட்சிக்கு மூன்றே மூன்று டிக்கெட் வாங்கினேன். மற்ற நாற்பது பேரையும் வெளியே நிறுத்திவிட்டு உள்ளே போனோம். டாக்டர் வரும் நேரத்தில் ஹாலிவுட் கண்ணை இறுக மூடிக்கொண்டார். திரையில் அந்தப் பெண் கைப்பையைத் துழாவிக் கார் சாவியை எடுக்கிறாள். டாக்டர் கையை நீட்டி, மெதுவாக ஆங்கிலத்தில் சொன்னார்: “சாவியை என்கிட்ட குடுங்க. இன்னிக்கு நீங்க வண்டி ஓட்ட வேண்டாம்.”

அவ்வளவுதான். காட்சி மாறியது.

மீனா திரையைப் பார்த்தபடியே, “நாளைக்கு ஞாயித்துக்கிழமை. காலையிலேயே எழுத உக்காந்துடுங்க” என்றாள்.

எனக்கு அந்த வசனம் புதிதல்ல. அம்மா போய்விட்டாள் என்று சென்னையிலிருந்து ஃபோன் வந்த அன்று, சட்டைப் பையில் இருந்த சாவியை மேஜையெல்லாம் தேடிக்கொண்டிருந்த என்னிடம் அவர் இதையேதான் சொன்னார். ஏர்போர்ட் வரை அவரே ஓட்டினார். எனக்குத் தெரிந்து அந்த மனிதர் நாற்பது நிமிடம் சேர்ந்தாற்போலப் பேசாமல் இருந்தது அந்த ஒருநாள்தான்.