நபோரின் கல்

வண்டி நிறுத்தத் தெருவில் இடம் பிடித்துவைக்கும் கலையே மெக்சிகோ நகரம் உலக நாகரிகத்துக்கு அளித்த மாபெரும் கொடை. சிலர் சிமெண்ட் ஊற்றிய வாளி வைப்பார்கள். சிலர் கால் உடைந்த நாற்காலி. எங்கள் காண்டெலாரியா தெருவில் டோன் நபோர் ஒரு கருங்கல் வைத்திருந்தார்.

சிவப்புத் துணியை ஆட்டி, "வாங்க, வாங்க, இன்னும் கொஞ்சம், போதும்" என்று வண்டிகளை ஓரங்கட்டிவிடுவது இருபது வருடமாக அவர் தொழில். கொடுப்பதை வாங்கிக்கொள்வார். மூன்று வண்டி நிற்கும் இடம். அதில்தான் அவர் குடும்பமும் நின்றது.

சென்ற மே மாதம் "பாரம்பரிய வார"த்தைத் தொடங்கிவைக்கப் தொல்பொருள் பாதுகாப்புத் துறை இயக்குநர் ஒர்னெலாஸ் வந்தார். 'தெருவின் அன்றாட வாழ்வே நம் பாரம்பரியம்' என்று பேச வந்தவருக்கு அந்த அன்றாட வாழ்வில் வண்டி நிறுத்த இடமில்லை. நபோர் மரியாதையாகக் கல்லைக் காலால் தள்ளி வழிவிட்டார். எப்போதும் நகர்ந்து மட்டும் போகும் கல் அன்று புரண்டது. அடிப்பக்கத்தில் ஒரு பாம்பு பல்லைக் காட்டிக்கொண்டிருந்தது.

இயக்குநர் நடுத்தெருவில் மண்டியிட்டார். ஐந்நூறு வருடத்துக்கு முந்தைய அஸ்டெக் காலத்துச் சிற்பம் என்றார். குறிப்பேட்டையும் பேனாவையும் எடுத்தார்.

"இத ஒரு நாளைக்கு எத்தன தடவ நகத்துவீங்க, டோன் நபோர்?"

"நாப்பது இருக்குங்க. ஞாயித்துக்கெழம பூசைன்னா இன்னும் கூட" என்றார் நபோர், பெருமையாக.

பக்கத்தில் தமால் என்ற சோளமாவுக் கொழுக்கட்டை விற்கும் எபிஃபானியா அவர் சட்டையைப் பிடித்து இழுத்தாள். "என்ன, பாதிரிகிட்ட பாவசங்கீர்த்தனமா பண்ற? வாய மூடுய்யா."

அதற்குள் நபோர் சொன்னதை எழுதிக் கையெழுத்தும் வாங்கியாயிற்று.

துறை மூன்று மணி நேரம் கூடி ஆலோசித்தது. கல், கண்டெடுத்த இடத்திலேயே இருக்க வேண்டும். சுற்றிலும் மூன்று வண்டி நீளத்துக்குச் சங்கிலி. நபோருக்கு "பாரம்பரியக் காவலர்" என்று சான்றிதழ். அதே உறையில் இன்னொரு தாள்: தினம் நாற்பது முறை புராதனப் பொருளை நகர்த்தியதைத் தாமே ஒப்புக்கொண்டதால், ஆயுளுக்கும் சங்கிலியை நெருங்கக் கூடாது. ஒரு உறையை மிச்சப்படுத்திய சிக்கனத்தைப் பாராட்டத்தான் வேண்டும்.

இப்போது சங்கிலிக்குள் இயக்குநரின் கார் நிற்கிறது. அது "கண்காணிப்பு வாகனம்". அடுத்தது துணை இயக்குநருடையது. மூன்றாவது துணை இயக்குநரின் மைத்துனருடையது. எதிர் நடைபாதையில் நபோர், துணியை மடித்துக் கையில் வைத்துக்கொண்டு நிற்கிறார்.

"நீ இருபது வருஷத்துல புடிச்ச எடத்த, அவங்க ஒரு காயிதத்துல புடிச்சிட்டாங்க பாரு" என்றாள் எபிஃபானியா.

துறையைக் குறை சொல்ல மாட்டேன். மரபை அப்படியே காப்பாற்றியிருக்கிறார்கள். நபோர் கல்லை வைத்து இடம் பிடித்தார். யாராவது வந்தால் கல்லை நகர்த்தி இடம் விட்டார். அதில் முதல் பாதியை மட்டும் அவர்கள் பாரம்பரியமாக ஏற்றுக்கொண்டார்கள்.