தொலைக்காட்சியின் மேல் ஏற்றிய கற்பூரம்

தும்பிக்கையான் திருவடி துணை. எடுத்த கருமங்களுக்கெல்லாம் முன்னின்று அருளும் அப்பெருமான், என் கருமங்கள் சிலவற்றில் மட்டும் சற்றுப் பின்னே நின்று வேடிக்கை பார்த்ததுண்டு. அவ்வாறு அவர் வேடிக்கை பார்த்த ஒரு நாளின் கதை இது. அவருடைய திருமுகத்துக்கு நேரேயே அது நிகழ்ந்தது என்பதையும் முதலிலேயே சொல்லிவிடுகிறேன்.

நாள், கார்த்திகை மாதத்து ஈற்று நாள் என்று நான் உறுதியாக நம்பிய ஒரு ஞாயிற்றுக்கிழமை. காலம், தொண்ணூறுகளின் தொடக்கம். இடம், ரொறன்ரோவின் மோர்னிங்சைட்டில் திருவாளர் துரைராசா அவர்களுடைய வீட்டின் நிலவறையாகிய பேஸ்மென்ற்.

துரைராசாவின் மகன் ரமணனும் என் மகள் சிவகாமியும் ஒருவரையொருவர் விரும்பினர். சாதகம் பார்த்தேன், பொருந்தியது. (பொருந்தாவிட்டாலும் அவள் கேட்டிருக்க மாட்டாள் என்பது வேறு கதை.) துரைராசாவோ ஆம் என்றும் சொல்லவில்லை, இல்லை என்றும் சொல்லவில்லை. எப்போது கேட்டாலும் “பாப்பம்” என்ற ஒற்றைச் சொல்லோடு நிறுத்திக்கொள்வார். அந்நிலையில் ரமணனுக்குக் கல்கரியில் வேலை கிடைத்தது. சனவரியில் போயாக வேண்டும். மார்கழி பிறந்துவிட்டால் திருமணப் பேச்சே எடுக்கலாகாது. தை பிறக்கும்போது பிள்ளை ஆயிரக்கணக்கான மைல்களுக்கு அப்பால் இருப்பான். ஆகவே கார்த்திகை முடிவதற்குள் வெற்றிலைத் தட்டம் கைமாறிவிட வேண்டும் என்று தீர்மானித்தேன். சிவகாமி வாய்திறந்து எதுவும் கேட்கவில்லை. ஆனால் அந்த வாரம் முழுவதும் நான் சொன்ன எல்லாவற்றுக்கும் “ஓம் அப்பா” என்றாள். பெற்றவனுக்கு அதைவிட வேறு விண்ணப்பம் வேண்டியதில்லை.

ஊரிலிருந்து வந்த பஞ்சாங்கத்தை எடுத்தேன். யாழ்ப்பாணத்து நேரத்துக்கும் ரொறன்ரோ நேரத்துக்கும் இடையேயுள்ள பத்தரை மணி வேறுபாட்டை நானே கணித்து, ஞாயிறு பிற்பகல் மூன்றரைக்கு இங்கே மார்கழி பிறக்கிறது என்று முடிவு கட்டினேன். “ஐயரிட்டை ஒருக்காக் கேளுங்கோவன்” என்றாள் என் மனைவி பாக்கியம். “நான் படிப்பிச்ச பிள்ளையள் இண்டைக்கு எஞ்சினியர்மார்” என்றேன். நான் படிப்பித்தது தமிழ் என்பதை அவள் நினைவூட்டவில்லை. அது அவளுடைய பெருந்தன்மை.

தட்டத்தை நான் மடியில் வைத்து, தேங்காய் உருளாமல் ஒரு கையால் பிடித்தபடி இருக்க, பாக்கியமும் சிவகாமியும் நானுமாகப் பஸ்ஸில் போய்ச் சேர்ந்தோம். துரைராசாவின் மனைவி மனோகரி எங்களை நேரே கீழே அழைத்துச் சென்றார். அங்கே ஒரு பெரிய தொலைக்காட்சி, அதன் முன்னே ஒரு சாய்நாற்காலி, அதன்மேல் துரைராசா. அவர் எழுந்திருக்கவில்லை.

“வாங்கோ மாஸ்டர், இருங்கோ. நல்ல நேரத்திலை வந்திருக்கிறியள்.”

“நல்ல நேரம் மூண்டரையோடை முடியுது” என்றேன்.

“இது அதுக்கு முதல் முடிஞ்சிடும்” என்று திரையைக் காட்டினார்.

திரையில் அமெரிக்கர்களின் ஃபுட்போல் நடந்துகொண்டிருந்தது. காலால் உதைப்பது அரிதாகவும் கையால் எறிவது பெரிதாகவும் உள்ள ஆட்டத்துக்கு ஏன் அப்பெயர் என்று நான் கேட்கவில்லை. குவார்ட்டர்பேக் என்பவர் பந்தை வாங்கிப் பின்னே சில அடி வைத்து, தம்மை வீழ்த்த வரும் மலைபோன்ற மனிதர்களுக்கு நடுவே நின்று, தொலைவில் ஓடும் தம்மவர் கைக்கு அதை எறிகிறார். பிடிபட்ட எறிகள் கடந்த தூரமெல்லாம் அவர் கணக்கில் சேர்கிறது. ஒவ்வோர் எறிக்கும் முன்னே அணியினர் அனைவரும் வட்டமாகக் கூடித் தலைகுனிந்து நின்றனர். கூட்டுப் பிரார்த்தனை என்று எண்ணி நானும் கண்ணை மூடிக்கொண்டேன். (அடுத்து என்ன செய்வது என்று அவர்கள் சூழ்ச்சி பேசுகிறார்கள் என்பதைப் பின்னர் அறிந்தேன். அதற்குள் ஏழெட்டு முறை அவர்களோடு சேர்ந்து பிரார்த்தித்துவிட்டேன்.)

ரமணன் என் காதோரம் குனிந்தான்.

“அங்கிள், இண்டைக்கு ரெக்கோர்ட் உடையப்போகுது. ஒரு கேமிலை இவ்வளவு தூரம் எறிஞ்ச ஆள் நாப்பது வருசத்துக்கு முதல் ஒருத்தர் தான். அப்பா ஹாஃப் டைமிலை இருந்து எங்களோடை கதைக்கவே இல்லை.”

“மௌன விரதமோ?”

“கிட்டத்தட்ட, அங்கிள்.”

விரதம் என்றால் எனக்கு மதிப்பு உண்டு. திரையின் மூலையிலிருந்த எண்ணைக் காட்டி, அது என்ன என்று கேட்டேன்.

“டைம், அங்கிள். இன்னும் எட்டு மினிற்ஸ்.”

என் கைக்கடிகாரத்தில் மார்கழிக்கு இன்னும் அரைமணி நேரம் இருந்தது. எட்டு நிமிடத்தில் ஆட்டம் முடியும். மீதி நேரத்தில் ஒரு பதிகமே பாடிக் காரியத்தை நிறைவேற்றலாம். பாக்கியத்தைப் பார்த்துப் புன்னகைத்தேன். அவள் திருப்பிப் புன்னகைக்கவில்லை. அவளுக்கு எப்போதும் என்னைவிட ஒரு படி கூடிய ஞானம்.

அந்த எட்டு நிமிடம் போல் ஒன்றை நான் எந்தப் புராணத்திலும் படித்ததில்லை. பந்து நிலத்தில் விழுந்தால் நேரம் நின்றது. கோட்டுக்கு வெளியே ஒருவர் கால் வைத்தால் நேரம் நின்றது. சோப்பு விளம்பரத்துக்காக நின்றது. லொறி விளம்பரத்துக்காக நின்றது. காலத்தை நிறுத்தும் வல்லமை காலகாலனாகிய சிவபெருமான் ஒருவருக்கே உரியது என்று ஐம்பது ஆண்டுகளாக நம்பியிருந்தேன். வரிபோட்ட சட்டை அணிந்த ஒரு மனிதர் விசிலை ஊதியதும் காலம் அடங்கி நிற்பதைக் கண்டு என் சமயநம்பிக்கையே சற்று ஆடிப்போயிற்று. என் கடிகாரமோ அந்த விசிலுக்குக் கட்டுப்படவில்லை. அங்கே எட்டு ஆறாவதற்குள் இங்கே மூன்றரை நெருங்கிவிட்டது.

சிவகாமி படிக்கட்டின் கீழ்ப்படியில் உட்கார்ந்து கைவிரல்களைப் பிசைந்துகொண்டிருந்தாள். அதற்குமேல் என்னால் பொறுக்க இயலவில்லை.

எழுந்தேன். பிள்ளையாரை முன்வைக்காமல் தட்டம் கொடுக்கக்கூடாது. அதனால் மஞ்சளில் பிடித்துக் கொண்டுவந்த பிள்ளையாரை எங்கே வைக்கலாம் என்று பார்த்தேன். எல்லாருடைய கண்ணும் எங்கே இருந்ததோ அங்கேயே அவர் எழுந்தருள்வதுதான் முறை என்று தோன்றியது. தொலைக்காட்சியின் தலைமேல் அவரை வைத்தேன். பக்கத்தில் நீர்ச்செம்பை வைத்தேன். ஒரு சிறு தட்டில் கற்பூரத்தை ஏற்றிப் பதிகத்தைத் தொடங்கினேன்.

“மாஸ்டர், கொஞ்சம் அங்காலை” என்றார் துரைராசா. அரைநாளில் அவர் வாயிலிருந்து வந்த முதற் கெஞ்சல் அது.

பேஸ்மென்ற் கூரை பதிந்த கூரை. கற்பூரப் புகை நேரே மேலெழுந்து, அங்கே பதுங்கியிருந்த புகையறி கருவியைத் தொட்டது. அது அலறத் தொடங்கியது. அவ்வகை ஓலத்தை முன்பு கேட்டறியாத நான், வீடே எரிகிறது என்று முடிவு செய்து, நெருப்புக்கு மிக அண்மையில் இருந்த நீரை எடுத்தேன்.

செம்பு முழுவதையும் கவிழ்த்தேன்.

தொலைக்காட்சி ‘பட்’ என்று ஒரு சொல் சொல்லிற்று. திரை ஒரு வெண்புள்ளியாகச் சுருங்கி மறைந்தது. கரைந்த பிள்ளையார் மஞ்சள் ஆறாகத் திரையில் வழிந்து வந்தார். ரமணன் கதிரையில் ஏறிக் கருவியை அடக்கினான். பின்னர் வந்த அமைதியில் துரைராசா என்னைப் பார்த்தார்.

“என்ன செய்தனீங்கள் எண்டு விளங்குதோ?”

“நெருப்பை அணைச்சனான்.”

“அந்த நெருப்பையும் நீங்கள் தானே கொழுத்தினது” என்றார் மனோகரி.

துரைராசா காரின் திறவுகோலை எடுத்துக்கொண்டு மேலே போனார். கதவு அடிபடும் ஓசை கேட்டது. “போச்சுது, அப்பா” என்று சிவகாமி மிக மெதுவாகச் சொன்னாள். அவள் அழுதிருந்தால் தேறியிருப்பேன். அவள் அழவில்லை.

நான் தட்டத்தைத் தூக்கிக்கொண்டு, கோட்டும் இல்லாமல், வெறுங்காலோடு பனியில் இறங்கினேன். துரைராசா வாசலில் நின்ற காருக்குள் உட்கார்ந்து வானொலியைத் திருகிக்கொண்டிருந்தார். மறுபக்கக் கதவைத் திறந்து, அழைப்பில்லாமலே ஏறி உட்கார்ந்தேன். அவர் என் கால்களைப் பார்த்தார். சூடுகாற்றை அவற்றின் பக்கம் திருப்பிவிட்டார்.

எல்லைக்கு அப்பாலிருந்து ஓர் அமெரிக்க நிலையம் இரைச்சலோடு பேசியது. ஆட்ட முடிவுகளை வாசிக்க இன்னும் நேரமிருந்தது.

“இண்டைக்கு எறிஞ்ச இவன் முந்திக் கனடாவிலை விளையாடினவன்” என்றார், கண்ணாடியைப் பார்த்தபடியே. “தன்ரை நாட்டிலை இவனைக் குவார்ட்டர்பேக்காய் ஒருத்தரும் எடுக்கேல்லை. வேறை இடத்திலை நிண்டு விளையாடு எண்டவங்கள். மாட்டன் எண்டு இஞ்சை வந்தவன். நானும் அந்த நேரம் தான் வந்தனான். ஒரு ஹொட்டேல் குசினியிலை கோப்பை கழுவினனான். தமிழிலை ஒரு சொல்லுக் கதைக்க ஆள் இல்லை. லீவு நாளிலை ஸ்டேடியத்திலை ஆக உயரத்துச் சீற்றிலை போய் இருப்பன். குளிரிலை முகம் மரக்கும். இவன் எறிய எறிய, எனக்கும் ஏதோ சரிவரும் எண்டு ஒரு இது.”

“அதை நாங்கள் பக்தி எண்டு சொல்லுவம்” என்றேன்.

“அப்பிடியும் சொல்லலாம்.”

அப்போதுதான் எனக்கு விளங்கிற்று. நான் நாள்தோறும் விடியற்காலைப் பஸ்ஸில் உதடசையாமல் எதைப் பாடி உயிரைப் பிடித்துக்கொண்டு வேலைக்குப் போனேனோ, அதைத்தான் இவர் அந்த உயரத்துச் சீற்றில் உட்கார்ந்து செய்திருக்கிறார். அத்தகைய ஓர் அடியாரின் சந்நிதியில், தீபாராதனை நேரத்தில், நான் தண்ணீரை ஊற்றி விளக்கை அணைத்திருக்கிறேன்.

வானொலி சொன்னது. அணி வென்றுவிட்டது. சாதனை உடையவில்லை, இன்னும் ஓர் எறி, மிஞ்சினால் இரண்டு எறி எட்டாமற் போயிற்று. வெற்றி உறுதியானபின் தூரத்துக்காக எறிவதை விட்டுவிட்டார்களாம்.

“என்னாலை தான்” என்றேன்.

“நீங்கள் ரீவியைத் தானே அணைச்சனீங்கள் மாஸ்டர். அவனை இல்லையே.” வானொலியை அணைத்தார். பிறகு, “வெண்டாச்சு. அதுக்குப் பிறகு ஏன் எறிவான். மனுசன்” என்றார். (வென்றாயிற்று என்பதை எங்கள் ஊர் வாய் அவ்வாறு சொல்லும்.)

அப்போது மனோகரி சால்வையைப் போர்த்துக்கொண்டு வந்து கார்க்கண்ணாடியைத் தட்டினார். பாக்கியத்தின் சொற்படி கோயில் ஐயருக்குத் தொலைபேசி எடுத்தாராம்.

“மார்கழி நேற்றுப் பின்னேரமே இஞ்சை பிறந்திட்டுதாம். மாஸ்டர் பத்தரை மணித்தியாலத்தைக் கழிக்காமல் கூட்டிப்போட்டாராம்.”

சூரியன் கிழக்கே முந்தி உதிக்கிறான் என்பது எழுதப்படிக்கத் தெரியாதவர்க்கும் தெரியும். எனக்குத்தான் அன்று தெரியவில்லை. இல்லாத ஒரு மூன்றரை மணிக்காக ஒரு தொலைக்காட்சியையும், ஒரு மனிதரின் ஞாயிற்றுக்கிழமையையும், என் மகளின் வாழ்வையும் நனைத்திருக்கிறேன். மடியிலிருந்த தட்டத்தை அணைத்துக்கொண்டு கதவைத் திறந்தேன்.

“தையிலை கொண்டு வாறன்” என்றேன். தையில் ரமணன் இங்கே இருக்கமாட்டான் என்பதை இருவரும் அறிவோம்.

துரைராசா கை நீட்டித் தட்டத்தின் விளிம்பைப் பிடித்தார்.

“விடுங்கோ மாஸ்டர். இந்தக் குளிருக்கை செருப்பில்லாமல் பிள்ளைக்காக ஓடி வந்திருக்கிறியள். உங்களைத் திருப்பி அனுப்ப எனக்கு என்ன விசரே.”

“மார்கழியிலை கலியாணம் பேசக்கூடாது.”

“அப்ப பேசாமல் வைச்சிருக்கிறன்.”

தட்டத்தை என் மடியிலிருந்து எடுத்துத் தம் மடியில் வைத்துக்கொண்டார். சொன்னபடியே அதன்பின் ஒரு சொல்லும் பேசவில்லை. இருவரும் கண்ணாடியில் விழும் பனியைப் பார்த்திருந்தோம். வாசற்கதவருகே நின்ற சிவகாமிக்கு, தட்டம் யார் மடியில் இருக்கிறது என்பது மட்டும் தெரிந்தது. அவள் அப்போதுதான் அழுதாள்.

மார்கழி முழுவதும் அத்தட்டம் அவர்கள் வீட்டுக் குளிர்சாதனப் பெட்டியின் மேல் இருந்தது. வெற்றிலை சருகாயிற்று, தேங்காய் காத்திருந்தது. ரமணன் கல்கரிக்குப் போனான். போகும்போது தட்டத்தைத் தொட்டுக் கும்பிட்டுவிட்டுப் போனானாம். தை முதல் நாள், நான் பொங்கலைப் படைத்துக்கொண்டிருக்கையில் தொலைபேசி அடித்தது.

“மாஸ்டர், ஓம்” என்றார் துரைராசா.

எனக்கு நெஞ்சு நிறைந்துவிட்டது. நன்றி சொன்னேன். இறைவன் கருணையைச் சொன்னேன். அதற்கொரு பாடலும் பாடினேன். அதன் பொருளையும் விரித்து, இரண்டாம் பாடலை எடுத்தபோது அவர் குறுக்கிட்டார்.

“மாஸ்டர், வெண்டாச்சு. இனி எறியாதேங்கோ.”

பங்குனியில் திருமணம் நடந்தது. புதிய தொலைக்காட்சி ஒன்றைச் சம்பந்திக்கு நான் கொண்டுபோய்க் கொடுத்தேன். அதன்மேல் எதையும் வைக்க எனக்கு இன்றுவரை அனுமதி இல்லை. ஞாயிறு தோறும் அதன்முன் அவர் அருகே உட்கார்ந்து நானும் அந்த ஆட்டத்தைக் கற்றேன். பழைய சாதனை இன்னும் உடையவில்லை என்று பேரப்பிள்ளைகள் சொல்கிறார்கள். எங்கள் குடும்பத்திலோ பிறந்தநாளாயினும் கோயிற் பூசையாயினும், நான் மூன்றாவது பாடலுக்குத் தொண்டையைச் செருமினால் போதும். சிறிசும் பெரிசும் ஒரே குரலில் சொல்லும், “அப்பப்பா, வெண்டாச்சு” என்று. மகள்வழிப் பேரர் என்னை அம்மப்பா என்றல்லவோ அழைக்க வேண்டும் என்று திருத்துவேன். அந்தத் திருத்தத்துக்கும் அதே விடைதான் வரும்.

இதை வாசித்த அனைவரும் நோயின்றி நீடு வாழ்க. உங்கள் வீட்டுப் பிள்ளைகள் விரும்பியவரையே மணந்து மகிழ்க. தட்டம் ஏந்தி வருவோரை உங்கள் வாசல் வெறுங்கையோடு திருப்பாதிருக்க. இன்னும் பல வாழ்த்துகள் நெஞ்சில் வரிசையாய் நிற்கின்றன. ஆயினும், வெண்டாச்சு.