புது ஆற்றுப் பாலத்தில் அசையாத குடை

மதிப்பிற்குரிய மைத்துனர் அரவிந்தன் அவர்களுக்கு, தஞ்சாவூரிலிருந்து இராஜாங்கம் எழுதிக்கொள்வது. இங்கு உங்கள் அக்கா ஈஸ்வரி நலம், மாடு நலம், உங்கள் மருமகள் பிரகதீஸ்வரியும் நலம். அவளால் எனக்குத்தான் நலமில்லை.

போனில் பேசினால் அவள் காதில் விழும் என்பதால் கடிதம். சென்னைக்குப் போய் இரண்டு வருஷம் சினிமா படிக்கப் போகிறாளாம். வெள்ளிக்கிழமைக்குள் விண்ணப்பத்தில் நான் கையெழுத்துப் போட வேண்டும். நான் மறுத்தால் சாப்பிட மாட்டாள். தாய்மாமன் நீங்கள் சொன்னால் தட்ட மாட்டாள்.

நல்ல சினிமா என்றாலும் பரவாயில்லை. இது பரிசோதனைக் குறும்படமாம். கதை கிடையாது, பாட்டு கிடையாது. புது ஆற்றங்கரையில் கேமராவை நட்டு, பாலத்தில் ஊர் போவதையும் வருவதையும் நாலு நாள் பிடித்தாள். முப்பத்தொரு வருஷம் மதகு ஷட்டரைக் காத்த பொதுப்பணித்துறை லஸ்கர் நான், ஒரு கேமராவைக் காக்க மாட்டேனா? பக்கத்தில் நிற்காதீர்கள் என்று விரட்டினாள், சரியென்று குடையோடு பாலத்தின் மேல் போய் நின்று கேமராவையே பார்த்துக்கொண்டிருந்தேன். படத்துக்குள்ளேயே நிற்கிறேன் என்று யார் கண்டது? திரையிடல் என்றார்கள், விசேஷமாயிற்றே என்று தாம்பூலத் தட்டோடு சொந்தக்காரர் இருபது பேரை அழைத்துப் போனேன். முதல் மூன்று நிமிஷம் விடிகாலைப் பாலம், வறண்ட ஆறு, குடையோடு நான், அவ்வளவுதான். படம் சிக்கிக்கொண்டது என்று எழுந்து போய் நானே ஸ்விட்சை அணைத்துவிட்டேன்.

“படம் சிக்கிக்கலைப்பா, நீங்கதான் அசையாம நிக்கிறீங்க” என்றாள். அரங்கமே சிரித்தது. துரைராசு சித்தப்பா மட்டும் சிரிக்கவில்லை, அவர் தூங்கிவிட்டார். நான் வீட்டுக்கு வந்துவிட்டேன்.

ஆகவே வியாழக்கிழமை அவளிடம் பேசி, கண்டிப்பாக வேண்டாமென்று சொல்லவும். தங்கச்சியைக் கேட்டதாகச் சொல்லுங்கள். பிள்ளைகள் நூறு போகம் விளைச்சல் கண்டு வாழட்டும்.

இப்படிக்கு,
இராஜாங்கம்

பின்குறிப்பு: கவரை ஒட்டப் போகையில் உங்கள் அக்கா மீதிப் படத்தைப் போனில் காட்டினாள். பத்தாவது நிமிஷம் ஆற்றில் தண்ணீர் வருகிறது. மினி பஸ் பாலத்திலேயே நின்றுவிடுகிறது. பூக்காரம்மா கூடையிலிருந்து ஒரு கை பூ வாரிப் போடுகிறார். அத்தனை முகமும் மலர்ந்திருக்கிறது. நான் ஒருத்தன்தான் ஆற்றைப் பார்க்காமல் கேமராவை முறைத்துக்கொண்டு நிற்கிறேன். இத்தனை வருஷம் ஷட்டரைத் திறந்துவிட்டவன், தண்ணீர் போய்ச் சேருமிடத்தில் ஜனங்கள் முகத்தை ஒருநாளும் பார்த்ததில்லை, மைத்துனரே. என் மகள் காட்டினாள். அழுதுவிட்டேன்.

கையெழுத்துப் போட்டாயிற்று. வாழ்த்துச் சொல்ல மட்டும் பேசுங்கள். அடுத்த படம் பழைய பஸ் ஸ்டாண்டிலாம், அந்தப் பக்கமே வரக்கூடாது என்கிறாள். தாய்மாமன் சொன்னால் தட்ட மாட்டாள். ஓர் ஓரமாக நிற்க எனக்கு அனுமதி வாங்கித் தரவும். குடை வேண்டாமென்றால் விட்டுவிடுகிறேன்.